டேவிஸ் வரைந்த வீடுகளும் நம் முன்திண்ணையும்

கேள்வி (கொழிஞ்சாம்பாறை): எங்கள் பழைய ஓட்டு வீட்டின் முன்பக்கத்தைச் செப்பனிட இருக்கிறோம். 19ஆம் நூற்றாண்டு அமெரிக்கக் கட்டடக் கலைஞரான அலெக்சாண்டர் ஜாக்சன் டேவிஸ், சிறு வீடுகளுக்கும் அழகிய தாழ்வாரம் வரைந்தவர் என்று அறிந்தேன். அவரைப் பற்றி விவரம் அறிந்தோர் எழுத வேண்டுகிறேன்.

மறுமொழி (சித்தூர்): 1803இல் நியூயார்க்கில் பிறந்த டேவிஸ், கட்டடங்களைப் படமாக வரைபவராகத் தொடங்கி, 1829இல் கட்டடக் கலைஞர் இதியல் டவுனுடன் கூட்டுச் சேர்ந்தார். ஹட்சன் ஆற்றங்கரையில் டாரிடவுனில், நியூயார்க்கின் முன்னாள் மேயர் வில்லியம் பால்டிங்குக்காக 1838இல் அவர் வடிவமைத்த, கூர்முனை வளைவுகள் கொண்ட கோதிக் பாணி மாளிகை இன்று லிண்ட்ஹர்ஸ்ட் எனப்படுகிறது. உள்ளே போடும் நாற்காலிகளைக்கூட அவரே வரைந்தார் என்பதுதான் எனக்கு வியப்பு. 1860களில் அடுத்த உரிமையாளருக்காக அம்மாளிகையை விரிவாக்கியவரும் அவரே. 1892இல் மறைந்தார்.

மறுமொழி (கொல்லங்கோடு): டவுனிங்கைச் சொல்லாமல் டேவிஸைப் பேசுவது பாதிப் பேச்சுதான், ஐயா. வீடு, தோட்ட அமைப்பு பற்றி நூல்கள் எழுதிய ஆண்ட்ரூ ஜாக்சன் டவுனிங் கிறுக்கித் தந்த வரைவுகளைத் திருத்தமான படங்களாக்கியவர் டேவிஸ். அவை டவுனிங்கின் நூல்கள் வழியாக ஊர்த் தச்சர்கள்வரை சென்றன.

மறுமொழி (சித்தூர்): உண்மை. கேட்டவருக்கு ஒன்று: டேவிஸ் வரைந்த வீடுகளில் கூரை விளிம்பில் தொங்கும் மரச் சித்திர வேலையைப் பார்த்து மயங்க வேண்டாம். இடவப்பாதி (தென்மேற்குப் பருவ) மழையும் கரையானும் அதை விட்டுவைக்கா. தாழ்வாரத்தின் அகலத்தை மட்டும் எடுத்துக்கொள்ளுங்கள்.