கியாரொஸ்தாமியின் படங்களில் முக்கியமான பேச்சு ஏன் நம் காதில் விழுவதில்லை?

கேள்வி

ஈரானிய இயக்குநர் அப்பாஸ் கியாரொஸ்தாமி 1990இல் எடுத்த 'குளோஸ்-அப்' படத்தை அண்மையில்தான் பார்த்தேன். தன்னை இயக்குநர் மொஹ்சென் மக்மல்பாஃப் என்று சொல்லிக்கொண்டு தெஹ்ரானில் ஒரு குடும்பத்தை நம்பவைத்த ஏழை ஒருவரின் உண்மை வழக்கு அது; தொடர்புடையவர்களே தத்தம் பாத்திரங்களில் வருகிறார்கள். எனக்குப் புரியாதது கடைசிக் காட்சி. விடுதலையாகி வரும் அவரை உண்மையான மக்மல்பாஃப் மோட்டார் சைக்கிளில் ஏற்றிக்கொண்டு போகும்போது ஒலிவாங்கி மக்கர் செய்கிறது. படக்குழுவினர் புலம்புவது கேட்கிறதே தவிர, அந்த இருவரின் பேச்சு விட்டுவிட்டுத்தான் கேட்கிறது. படம் முழுக்க நாம் காத்திருந்தது அந்தப் பேச்சுக்குத்தானே? கருவி உண்மையிலேயே பழுதானதா?

மறுமொழி 1

பழுதாகவில்லை. அது இயக்குநரே செய்த ஏற்பாடு. படத்தின் தொடக்கத்தை மறுபடி பாருங்கள். ஆள்மாறாட்டக்காரரைக் கைது செய்யப் பத்திரிகையாளரும் காவலர்களும் வீட்டுக்குள் போய்விட, கேமரா வெளியே வாடகைக் கார் ஓட்டுநருடனேயே நின்றுவிடுகிறது. அவர் சருகுக் குவியலிலிருந்து பூக்களைப் பொறுக்குகிறார், ஒரு வெற்று ஸ்பிரே டப்பாவைக் காலால் தட்டிவிடுகிறார், அது சரிவான தெருவில் உருண்டுகொண்டே போவதை நாமும் பொறுமையாகப் பார்த்துக்கொண்டிருக்கிறோம். உள்ளே நடந்ததை இயக்குநர் வெகுநேரம் கழித்துத்தான் காட்டுகிறார். முதல் காட்சியில் கண்ணுக்கு மறைத்தவர் கடைசிக் காட்சியில் காதுக்கு மறைக்கிறார், அவ்வளவுதான்.

மறுமொழி 2

மேலே சொன்னது சரி; ஆனால் இந்தப் பழக்கம் அந்தப் படத்தோடு நிற்பதில்லை. தெஹ்ரான் பல்கலைக்கழகத்தில் ஓவியம் பயின்று, விளம்பரப் படங்கள் எடுத்துக்கொண்டிருந்த கியாரொஸ்தாமி, சிறுவர்களுக்கான அரசு நிறுவனமான கானூனில் திரைப்படப் பிரிவு அமைய உதவி, 1970இல் 'ரொட்டியும் சந்தும்' என்ற குறும்படத்துடன் தொடங்கியவர். நாய்க்கு அஞ்சிச் சந்தைக் கடக்க முடியாமல் நிற்கும் ஒரு சிறுவன்தான் அதன் கதை முழுவதும். சிறு செயலை அதற்குரிய நேரம் கொடுத்துப் பார்ப்பது அவருக்கு அங்கேயே கைவந்துவிட்டது என்று நினைக்கிறேன்.

1987இல் வந்த 'நண்பனின் வீடு எங்கே' (தலைப்பு சோஹ்ராப் செபெஹ்ரியின் கவிதையிலிருந்து வந்தது) கோக்கர் கிராமத்தில் எடுக்கப்பட்டது. 1990 ஜூனில் நிலநடுக்கம் அப்பகுதியைச் சிதைத்த பிறகு, அதே நிலத்துக்குத் திரும்பி மேலும் இரண்டு படங்கள் எடுத்தார். அவற்றில் இரண்டாவதான, 1994இல் வெளிவந்த 'ஆலிவ் மரங்களினூடே'யின் முடிவைக் கட்டாயம் பாருங்கள். தன்னை மணந்துகொள்ளும்படி மன்றாடியவாறே ஒருவன் ஒரு பெண்ணைப் பின்தொடர்கிறான். கேமரா குன்றின் மேலேயே நின்றுவிட, இருவரும் பச்சை வயலில் இரண்டு வெள்ளைப் புள்ளிகளாகச் சுருங்குகிறார்கள். ஒரு புள்ளி திரும்பி ஓடி வருகிறது. அவள் என்ன பதில் சொன்னாள் என்பது நமக்குக் கேட்பதில்லை.

மறுமொழி 3

இவை அனைத்தையும் அழகியலாக மட்டும் பார்ப்பதில் எனக்கு உடன்பாடில்லை. 1979 இஸ்லாமியப் புரட்சிக்குப் பிந்தைய ஈரானியத் திரையில் பெண்கள் வீட்டுக்குள்ளும் தலையை மூடியபடியே வர வேண்டும். நிஜத்தில் வீட்டுக்குள் பலர் அப்படி இருப்பதில்லை; எனவே வீட்டுக்குள் எடுக்கும் காட்சி பொய்யாகிவிடும். காரும் சாலையும் கியாரொஸ்தாமிக்கு அத்தனை நெருக்கமாகிப்போனதில் இந்தக் கட்டுப்பாட்டுக்கும் பங்குண்டு. 2002இல் வந்த 'பத்து' படத்தில் காருக்குள் பொருத்திய சிறு டிஜிட்டல் கேமராக்களின் முன்னே, காதலன் கைவிட்ட பெண் ஒருத்தியின் முக்காடு விலகி, மழித்த தலை தெரிகிறது. அங்கே அவர் மறைக்கவில்லை, காட்டுகிறார். எனக்கு அவருடைய மிகத் துணிச்சலான காட்சி அதுவே.

கான் திரைப்பட விழாவில் 1997இல் உயரிய விருதான தங்கப்பனையைப் பகிர்ந்துகொண்ட 'செர்ரியின் சுவை'யைக் கேள்வி கேட்டவர் அடுத்துப் பார்க்கலாம். தற்கொலை செய்துகொள்ள நினைப்பவர், பிறகு தன்மேல் மண் தள்ள ஆள் தேடிக் காரில் அலைகிறார். ஏன் சாக நினைக்கிறார் என்பது கடைசிவரை சொல்லப்படுவதில்லை. ஓட்டுபவரும் அருகில் அமர்பவரும் ஒரே சட்டகத்தில் அநேகமாக வருவதே இல்லை. ஒருவரைப் படமெடுக்கும்போது எதிர் இருக்கையில் உட்கார்ந்து பேசியவர் கியாரொஸ்தாமிதான். இதைத் தெரிந்துகொண்டு பார்த்தால் அந்த முகங்களில் தெரியும் தயக்கம் வேறாகப் படும்.