கிணற்றுக் கல்லும் இமயத்துக் கல்லும்

கோப்பாயிலிருந்து:

மலையை முதன்முதலாகக் கண்ட நாளைப் பற்றி எழுதும்படி கேட்டிருந்தீர்கள். கீரிமலை என்ற ஊர்ப் பெயரில் மட்டுமே மலையைக் கொண்ட யாழ்ப்பாணத்துத் தட்டை நிலத்தில் பிறந்த எனக்கு, அந்த அனுபவம் எங்கள் வளவுக் கிணற்றடியிலேயே தொடங்கிவிட்டது. எனக்குப் பத்து வயதிருக்கும்போது, கோடையில் நீர் வற்றியதால் கிணற்றை ஆழமாக்க வந்தவர்கள் அலவாங்கால் பெயர்த்துக் கடகத்தில் மேலே அனுப்பிய சுண்ணாம்புக்கற்களுள் ஒன்றில், விசிறிபோல் விரிந்த சிப்பியின் வரிகள் நகத்தால் நெருடிப் பார்க்கும் அளவுக்குத் தெளிவாகப் பதிந்திருந்தன. “முந்தி இது கடல் கிடந்த இடம், பிள்ளை” என்றார் அம்மப்பா. குடாநாட்டின் அடியில் இருப்பது மயோசீன் காலக் (ஏறத்தாழ 2.3 கோடி முதல் 50 இலட்சம் ஆண்டுகளுக்கு முன்) கடலிற் படிந்த சுண்ணாம்புக்கல் என்பதைப் பின்னர் உயர்தர வகுப்பிற் படித்தேன்.

பல ஆண்டுகள் கழித்து நேபாளத்தின் முக்திநாத்துக்கு யாத்திரை சென்றேன். ஒருபுறம் 8,167 மீற்றர் உயரத் தவளகிரியும் மறுபுறம் 8,091 மீற்றர் உயர அன்னபூர்ணாவும் நிற்க, இடையே ஓடும் காளி கண்டகியின் படுகையில் நடந்தபோது, கல் விற்றுக்கொண்டிருந்த மூதாட்டி ஒருவர் இரண்டாகப் பிளந்திருந்த சாளக்கிராமம் ஒன்றை என் உள்ளங்கையில் வைத்தார். ஒரு பாதியில் சுருள் மேடாகவும், மறு பாதியில் அதே சுருள் பள்ளமாகவும் இருந்தது. அம்மப்பாவின் சாமியறையில் நாங்கள் தொடாமலே கும்பிட்ட கல், ஏறத்தாழ 15 கோடி ஆண்டுகளுக்கு முன் இன்று மறைந்துபோன டெதிஸ் கடலில் வாழ்ந்த அம்மோனைட் என்னும் உயிரியின் ஓடு பதிந்த கல் என்பதை நான் முன்பே அறிந்திருந்தேன். கையில் ஏந்தியது அன்றுதான். கிணற்றடிச் சிப்பி நினைவுக்கு வந்து கண் கலங்கியது.

நிலத்தைத் தாங்கி மெல்ல நகரும் இந்தியப் பாறைத் தட்டு ஏறத்தாழ 5 கோடி ஆண்டுகளுக்கு முன் ஆசியாவுடன் மோதி, இடையிலிருந்த கடலடிப் படிவுகளை மடித்து உயர்த்தியதால் எழுந்ததே இமயம். 8,848.86 மீற்றர் உயரமுள்ள எவரெஸ்ட்டின் உச்சிப் பாறையும் கடலிற் படிந்த சுண்ணாம்புக்கல்தான். எங்கள் கிணற்றுக் கல்லைவிடப் பன்மடங்கு மூத்தது. அந்த மோதல் இன்னும் ஓயவில்லை. 2015இல் நேபாளத்தை உலுக்கிய நிலநடுக்கம் அதன் அழுத்தத்தால் நேர்ந்தது.

எல்லா மலைகளும் இவ்வாறு பிறந்தவை அல்ல. ஏறத்தாழ 7,000 கிலோமீற்றர் நீளும் அந்தீஸ், கடலடித் தட்டு ஒன்று தென்னமெரிக்காவின் கீழே அமிழ்வதால் உயர்ந்தது. அதனால்தான் அங்கே அத்தனை எரிமலைகள். பதுளை ரயிலிற் போகும்போது நாம் காணும் மலைநாட்டுப் பாறைகளோ 50 கோடி ஆண்டுகளுக்கும் முற்பட்டவை, நிலத்தின் ஆழத்தில் வெந்து உருமாறியவை. அவற்றிற் சிப்பி தேடிப் பயனில்லை. மலைத்தொடர்களை உயர வரிசையில் மனனம் செய்விக்கும் முறையை நான் ஏற்பதில்லை. பிள்ளையின் கையில் முதலில் ஒரு கல்லைக் கொடுக்க வேண்டும்.

சூரிச்சிலிருந்து:

அக்கா, உங்கள் பதிவை மகளுக்கும் வாசித்துக் காட்டினேன். இங்குள்ள சென்டிஸ் மலை 2,502 மீற்றர் உயரமானது. இலங்கையின் மிக உயர்ந்த மலையான நம் பீதுருதாலகாலையைவிட 22 மீற்றர்தான் குறைவு. அதன் சுண்ணாம்புக்கல்லும் கடலடியிற் படிந்து, அல்ப்ஸ் எழுந்தபோது மடிந்து மேலே வந்தது. சென்ற கோடையில் அங்கிருந்து நடந்து இறங்கியபோது, பாதையோரப் பாறையில் சிப்பித் துண்டுகளைக் கண்ட மகள், “அப்பம்மா வீட்டு மதிலிலும் இப்படி இருக்கு” என்றாள். அவள் யாழ்ப்பாணம் வந்தது ஒரேயொரு முறைதான். அந்த வீட்டிலேயே வளர்ந்த நான் மதிலை ஒருநாளும் உற்றுப் பார்த்ததில்லை.