மீனாட்சிபுரம் வீடு: பரம்பிக்குளம் போகும் பேச்சு

(குடும்பக் குழுவில் நடந்த பேச்சு. பெயர்கள் நந்தினி கூப்பிடும் முறையில். பிரபு துரை மாமாவின் மகன்; அவன் அப்பத்தா என்பதும் நந்தினி அம்மாயி என்பதும் ஒருவரையே.)

செவ்வாய்க்கிழமை

பிரபு: எல்லாருக்கும் வணக்கம். தை மாதம் அப்பத்தாவுக்கு 80 முடிகிறது. மண்டபம், சாப்பாட்டுப் பந்தி எதுவும் வேண்டாம் என்று அப்பத்தாவே சொல்லிவிட்டது. பரம்பிக்குளம் கூட்டிப் போ என்கிறது. மூன்று நாள், இரண்டு இரவு. யார் யார் வருகிறீர்கள்?

கலா அம்மா: நானும் நந்தினியும்

கார்த்தி மாப்பிள்ளை: நாங்கள் 4 பேர். ஸ்பீக்கர் என் வண்டியில் இருக்கு

துரை மாமா: ஸ்பீக்கர் அங்கே கூடாது மாப்பிள்ளை. புலிகள் காப்பகம். 2010ல் அறிவித்தது.

சுமதி அத்தை: 80 வயசுல காட்டுக்கா?

சரோஜா பெரியம்மா: அம்மா கேட்டா போகணும். நான் பிறந்த இடம் அது

துரை மாமா: விவரம் தெரியாதவர்களுக்காகச் சொல்கிறேன், பொறுமையாகப் படியுங்கள். பரம்பிக்குளம் கேரளத்தில் நம் பாலக்காட்டுச் சித்தூர் தாலுகா, முதலமடை பஞ்சாயத்தில்தான் இருக்கிறது. ஆனால் நம் பக்கமிருந்து நேரடியாக வண்டிப் பாதை கிடையாது. கோவிந்தாபுரம் தாண்டி, அம்பராம்பாளையம், ஆனைமலை, வேட்டைக்காரன்புதூர், சேத்துமடை, டாப்சிலிப் என்று தமிழ்நாட்டுக்குள் ஏறி, ஆனைப்பாடியில் மறுபடி கேரளத்துக்குள் நுழைய வேண்டும். இரண்டு செக்போஸ்ட், இரண்டு சீட்டு. பைக் விடமாட்டார்கள். வண்டியோடு ஒரு வழிகாட்டி கட்டாயம் வருவார். அங்கேயே இருக்கும் காடர், மலசர், மலைமலசர், முதுவர் என்ற பழங்குடிக் குடும்பத்துப் பிள்ளைகள்தான் அந்த வேலை பார்க்கிறார்கள். செம்மணாம்பதியிலிருந்து நேர்ப்பாதை கேட்டு அந்த மக்கள் நடந்த நடை கொஞ்சநஞ்சமல்ல. தங்கள் பஞ்சாயத்து ஆபீசுக்குப் போக இன்னொரு மாநிலத்தைச் சுற்றி வரும் கஷ்டம் நமக்குத் தெரியாது.

கார்த்தி மாப்பிள்ளை: சரி மாமா

பிரபு: அப்பா, தலைக்கு எவ்வளவு என்று கேட்டுச் சொல்கிறேன். முதலில் எண்ணிக்கை.

கலா அம்மா: ஃபார்வர்டு: அவசரச் செய்தி. பரம்பிக்குளத்தில் புலி நடமாட்டம். ஒரு மாதம் மூடல். எல்லா குழுவுக்கும் அனுப்பவும்.

நந்தினி: அம்மா, புலிகள் காப்பகத்தில் புலி நடமாடினால் மூடுவார்களா?

கலா அம்மா: வந்தது அனுப்பினேன்

பிரபு: இப்போதுதான் ஆனைப்பாடிக்குப் பேசினேன் அத்தை. திறந்துதான் இருக்கு.

துரை மாமா: மாசி, பங்குனியில் காட்டுத் தீ பயத்தில் நடைபாதைகளை நிறுத்துவார்கள். தையில் பயமில்லை.

பெரிய மாமா: தண்ணி திறந்து விடச் சொல்லுங்கள். ஆளியாற்று மணக்கடவு தடுப்பணைக்கு இன்னும் வரவில்லை. நெல்லு காயுது

கார்த்தி மாப்பிள்ளை: எங்கள் தமிழ்நாட்டுத் திருமூர்த்தி வாய்க்காலிலும் கடைமடைக்கு வரவில்லை மாமா. அப்பா தினமும் புலம்புகிறார்

பெரிய மாமா: உங்களுக்கு மலையைக் குடைந்து கொண்டு போகிறார்கள். எங்களுக்குக் கணக்கு மட்டும். வருடம் 7.25 டிஎம்சி என்று பேப்பரில் இருக்கு

சுமதி அத்தை: இதுக்குத்தான் மாப்பிள்ளைகிட்ட பேசாதீங்கன்னேன்

துரை மாமா: இரண்டு பேரும் சொல்வதில் நியாயம் இருக்கிறது. பரம்பிக்குளம்-ஆளியாறு ஒப்பந்தம் 1958லிருந்து நடப்பு, கையெழுத்து ஆனது 1970ல். அணை கேரள மண்ணில், நிர்வாகம் தமிழ்நாட்டிடம். பரம்பிக்குளத்துத் தண்ணீர் சுரங்கம் வழியாகத் தூணக்கடவுக்கு வந்து, அங்கிருந்து சர்க்கார்பதி மின்நிலையத்தில் இறங்கி, ஒரு பங்கு ஆளியாறு பக்கமும் ஒரு பங்கு திருமூர்த்தி பக்கமும் போகிறது. 2022 செப்டம்பரில் ஒரு ஷட்டர் உடைந்தபோது நம் யாருக்கும் இல்லாமல் சாலக்குடி ஆற்றோடு போனது நினைவிருக்கும். சர்க்கார்பதி, செம்மணாம்பதி என்று பெயரில் வருகிற 'பதி' இருக்கிறதே, அது மலசர் குடியிருப்பைக் குறிக்கும் சொல். நாம் பாய்ச்சுகிற தண்ணீர் அவர்கள் ஊர்ப் பெயரைச் சுமந்துதான் வருகிறது. பரம்பிக்குளம், தூணக்கடவு, பெருவாரிப்பள்ளம் என்ற மூன்று அணைக்கும் காட்டை விட்டுக்கொடுத்தவர்கள் அவர்கள்.

பெரிய மாமா: 👍

பிரபு: எண்ணிக்கை...

புதன்கிழமை

நந்தினி: அம்மாயி குரல் பதிவு அனுப்பச் சொன்னது. சத்தம் சரியாக இல்லை, நானே தட்டச்சு செய்து போடுகிறேன்.

நந்தினி: "நான் பேசறது கேக்குதா? சரோஜா வயித்துல இருந்தப்போ தூணக்கடவுல கல்லுக்கட்டு வேலை. 1964 ஆடி மாசம். தகரக் கொட்டகை. உங்க அப்புச்சி மேஸ்திரி. சாமான் வாங்க ஆனைமலை இறங்கினவரு மழையில திரும்ப முடியல. ராத்திரி வலி எடுத்துருச்சு. பக்கத்துக் கொட்டகைப் பொம்பளைங்களுக்கும் பயம். சுங்கத்துப் பதியில இருந்து வள்ளி அக்காதான் ஈர மழையில நடந்து வந்தா. யானை நிக்கற பாதை. அவ கைதான் சரோஜாவைத் தாங்குச்சு. ஒன்பது நாள் எனக்குக் கஞ்சி காய்ச்சிக் குடுத்தா."

சரோஜா பெரியம்மா: 🙏

நந்தினி: "அப்புறம் நாங்க ஊருக்கு இறங்கிட்டோம். பழனிச்சாமிக்கு (பெரிய மாமாவுக்கு) ஆறு, ஏழு வயசு இருக்கும்போது அவ என்னைப் பாக்க வந்தா. மூங்கில் குழாயில தேன் கொண்டாந்தா. எங்க மாமியார் அவளைத் திண்ணைக்கு மேல ஏற விடல. வாசல்ல உக்காத்தி, தேங்காய்த் தொட்டியில தண்ணி குடுத்தாங்க. நான் கதவுக்குப் பின்னால நின்னுட்டு இருந்தேன். ஒரு வார்த்தை பேசல. அவ சிரிச்சுக்கிட்டே போனா. அதுக்கப்புறம் வரவே இல்ல. எனக்குத் தேக்கு மரமும் வேண்டாம், படகும் வேண்டாம். அவ இருந்தா பாக்கணும். இல்லைன்னா அவ பிள்ளைங்களைப் பாக்கணும்."

கலா அம்மா: இதை எனக்குச் சொன்னதே இல்லை

துரை மாமா: எனக்கும்.

சுமதி அத்தை: பெரியவங்க காலத்துல அப்படித்தான். இப்ப எதுக்கு

பெரிய மாமா: பழசைக் கிளற வேண்டாம். அப்பாவைப் பெற்ற பாட்டியைப் பற்றி குழுவில் எழுத வேண்டாம்

சரோஜா பெரியம்மா: நான் உன்னை அண்ணா என்று கூப்பிடும் வயசு உனக்கில்லை, நான்தான் மூத்தவள். என்னைத் தாங்கிய கை அது. எழுதட்டும்

கார்த்தி மாப்பிள்ளை: அத்தை சொல்வது சரி

சுமதி அத்தை: கலா, ரவிக்கைத் துணி எடுத்தாச்சா

கலா அம்மா: சனிக்கிழமை பொள்ளாச்சி போறேன்

பிரபு: திட்டம் சொல்கிறேன். முதல் நாள் மதியத்துக்குள் ஆனைப்பாடி, கூடாரத்தில் தங்கல். இரண்டாம் நாள் வழிகாட்டியோடு கன்னிமாரா தேக்கு, தூணக்கடவு, பரம்பிக்குளம் அணை, மூங்கில் தெப்பம். நடக்க முடிகிறவர்கள் குரியார்குட்டி பக்கம் பழைய டிராம் பாதை. மூன்றாம் நாள் சுங்கம், மதியம் கீழே.

நந்தினி: சுங்கத்தை ஏன் கடைசியில் வைத்தாய்? அம்மாயி வருவதே அதற்குத்தான்.

பிரபு: மாற்றலாம்

கார்த்தி மாப்பிள்ளை: இரவில் பழங்குடி நடனம் உண்டாமே. பிறந்தநாள் கேக் வெட்டும்போது ஆடச் சொல்லலாமா? வீடியோ நன்றாக வரும்

துரை மாமா: மாப்பிள்ளை, தவறாக எடுத்துக்கொள்ள வேண்டாம். அந்த ஆட்டத்துக்கு நேரம் வைத்து, கட்டணம் வாங்கி ஆடுகிறார்கள். அது அவர்கள் வருமானம். சீட்டு வாங்கி உட்கார்ந்து பார்ப்போம், கை தட்டுவோம், அதில் குறை இல்லை. ஆனால் நம் கேக்குக்கு ஆடச் சொல்வது வேறு. பதிக்குள் போனால் போன் பையில் இருக்கட்டும். துவைத்த துணி காயும் வாசலையும், குழந்தை குளிப்பதையும் படம் எடுக்கிறவர்களை நான் பார்த்திருக்கிறேன். 31 வருடம் பள்ளிக்கூடத்தில் இருந்தேன். ஒரு வருடம் சுற்றுலா கூட்டிப் போன பிள்ளைகள் ஒரு வீட்டுக்குள் எட்டிப் பார்த்துச் சிரித்தார்கள். வீட்டுக்காரர் ஒன்றும் சொல்லாமல் கதவைச் சாத்தினார். பிள்ளைகளைத் தடுக்காமல் நின்றது நான். நம் வீட்டில் யாராவது அப்படி எட்டிப் பார்த்தால் பெரிய அண்ணன் சும்மா விடுவாரா?

கார்த்தி மாப்பிள்ளை: புரிகிறது மாமா. கேக் வீட்டிலேயே வெட்டிக்கலாம்

கலா அம்மா: சாப்பாட்டுக்கு அரிசிம்பருப்பு, தக்காளித் தொக்கு. பிளாஸ்டிக் டப்பா விடுவாங்களா?

பிரபு: விடமாட்டார்கள் அத்தை. எவர்சில்வர் தூக்கு.

சுமதி அத்தை: என் தூக்கு 2 சரோஜா வீட்டுல இருக்கு. போன வளைகாப்புக்கு வாங்கினது

சரோஜா பெரியம்மா: ஒன்றுதான் வாங்கினேன்

சுமதி அத்தை: மூடி போட்டது ஒண்ணு போடாதது ஒண்ணு

துரை மாமா: கன்னிமாரா தேக்கைப் பற்றி ஒரு வரி. 450 வயதுக்கு மேல் என்பார்கள். அடிமரச் சுற்றளவு 7 மீட்டர். ஐந்து பேர் கைகோத்தால்தான் கட்டிப்பிடிக்க முடியும். 1994-95ல் மத்திய அரசின் மகாவிருட்ச விருது கிடைத்தது. வெட்டப் போனவர்கள் கோடாரி வைத்ததும் ரத்தம் பீறிட்டது என்றும், அதற்குப் பிறகு அங்குள்ளவர்கள் கன்னியாகக் கும்பிடுகிறார்கள் என்றும் கதை. கொச்சி சமஸ்தானம் 1907ல் சாலக்குடிக்கு டிராம் ஓட்டியதே இந்தக் காட்டுத் தேக்கை இறக்கத்தான். சுற்றியிருந்தது எவ்வளவோ போனது, அந்த ஒரு மரம் நின்றது. அம்மா மரம் வேண்டாம் என்றாலும் வழியில்தான் இருக்கிறது, பத்து நிமிடம் நிற்கலாம்.

கார்த்தி மாப்பிள்ளை: ஒரு வரி 😊

நந்தினி: துரை மாமா, சுங்கத்துக்குப் போனால் என்ன கொண்டு போவது? அம்மாயி சேலை என்கிறது.

துரை மாமா: சேலை சரி. ஒருவருக்கு, அக்கா முறையில் கொடுப்பது. ஊருக்கே பழைய துணி மூட்டை கட்டிக்கொண்டு போக வேண்டாம். கலா, போன மாதம் பேசினாயே, அதைச் சொல்கிறேன்.

கலா அம்மா: நல்ல துணிதான்

துரை மாமா: தெரியும்மா. ஆனால் கேட்காமல் கொட்டுவது வேண்டாம். அவர்கள் என்ன கொடுத்தாலும் உட்கார்ந்து குடிப்போம். எனக்கு வேண்டியது அது ஒன்றுதான்.

சுமதி அத்தை: எனக்குச் சர்க்கரை, வெளியில குடிக்க மாட்டேன்

சரோஜா பெரியம்மா: கல்யாண வீட்டில் பால் பாயசம் இரண்டு டம்ளர்

சுமதி அத்தை: இந்தச் செய்தி நீக்கப்பட்டது

வியாழக்கிழமை

பிரபு: ஒரு விஷயம். ஆனைப்பாடியில் ஒரு வழிகாட்டித் தம்பியின் நம்பர் கொடுத்தார்கள். சுங்கத்துக்காரர். அங்கே சிக்னல் சரியாக இல்லை, ராத்திரிதான் பேச முடிந்தது. வள்ளி என்ற பெயரில் அந்தப் பதியில் நிறைய பேர் இருந்தார்களாம். பிரசவம் பார்க்கிற வள்ளிப் பாட்டி என்று சொன்னதும், "எங்க பெரியாத்தாவைச் சொல்றீங்களா"ன்னு கேட்டார்.

நந்தினி: இருக்கிறார்களா?

பிரபு: இல்லை. போய் ரொம்ப வருடம் ஆயிற்றாம். மகள் ஒருத்தர் இருக்கிறார். அவருக்கே 60க்கு மேல். அதே வள்ளிதானா என்று விசாரித்துச் சொல்கிறேன் என்றார்.

சரோஜா பெரியம்மா: என் வயசு

கலா அம்மா: அம்மாவிடம் யார் சொல்வது?

நந்தினி: நான் சொல்கிறேன். ஞாயிறு லீவு கேட்டிருக்கேன்.

துரை மாமா: போனில் சொல்லாதே. நேரில், பக்கத்தில் உட்கார்ந்து சொல். இன்னொன்று, பிரபு. அந்த அம்மாவிடம் நாங்கள் யார், ஏன் வருகிறோம் என்று முன்னாலேயே சொல்லச் சொல். வாசலில் உட்கார வைத்த கதையும் அவர்களுக்குத் தெரிந்திருக்கலாம். வர வேண்டாம் என்று அவர்கள் சொன்னால், அதுவும் சரிதான். நாம் பத்து பேர் ஜீப்பில் போய் நின்று மன்னிப்புக் கேட்டு அவர்களைத் திண்டாட வைக்கக் கூடாது. அம்மாவும் சரோஜாவும் மட்டும் முதலில் போகட்டும்.

சரோஜா பெரியம்மா: நீயும் வா. எனக்குப் பேச வராது

கார்த்தி மாப்பிள்ளை: நாங்கள் அணைப் பக்கம் இருக்கிறோம்

சுமதி அத்தை: அவங்களை இங்க நம்ம வீட்டுக்குக் கூப்பிடலாமே. சேலை எடுத்து, இலை போட்டு. அத்தை மலை ஏற வேண்டாம்

துரை மாமா: நல்ல யோசனைதான் அண்ணி. ஆனால் முதலில் நாம் போக வேண்டும். கூப்பிடுவது அப்புறம்.

சுமதி அத்தை: வந்தா உள்ளேதான் உக்காருவாங்க. நான் பாத்துக்கறேன்

கலா அம்மா: அண்ணி ❤️

பிரபு: பெரியப்பா, நீங்கள் இன்னும் சொல்லவில்லை. 11 பேர் என்றால் ஒரு டெம்போ டிராவலர் போதும். 13 என்றால் கூட ஒரு வண்டி. நாளைக்குள் அட்வான்ஸ் கட்ட வேண்டும். இதுவரை இரண்டு பேர்தான் அனுப்பினீர்கள்.

பிரபு: பெரியப்பா?

கார்த்தி மாப்பிள்ளை: மாமா வயலில் இருப்பார். இன்று மணக்கடவில் திறந்துவிட்டதாகப் பேச்சு

துரை மாமா: எவ்வளவு?

கார்த்தி மாப்பிள்ளை: தெரியவில்லை மாமா

பெரிய மாமா: தண்ணி வந்தது. இப்போதுதான் வீட்டுக்கு வந்தேன்

பெரிய மாமா: அந்த அம்மா வந்தது எனக்கு ஞாபகம் இருக்கு. தேனை நான்தான் விரல் விட்டு நக்கினேன். பாட்டி அடித்தது

சரோஜா பெரியம்மா: சொல்லவே இல்லையே நீ

பெரிய மாமா: அந்த மூங்கில் குழாயில் அப்பா விதை போட்டு வைத்திருந்தார். பரணில் இருக்கா பார்க்கிறேன்

கலா அம்மா: கரையான் அரிச்சிருக்கும்

சுமதி அத்தை: ராத்திரில பரண் ஏறாதீங்க, முட்டி வலி

பிரபு: பெரியப்பா, நீங்களும் சுமதி பெரியம்மாவும் வருகிறீர்கள் என்று எழுதிக்கொள்ளவா?

பெரிய மாமா: ஏணி எங்கே

சுமதி அத்தை: துரை வீட்டுக்குப் போச்சு. சுண்ணாம்பு அடிக்க

துரை மாமா: காலையில் கொண்டு வருகிறேன் அண்ணி.

பிரபு: 11ஆ 13ஆ?