முதலாளி சொன்னார், கணக்கு மாறியது: கண்ணில் பட்டதைப் பகிருங்கள்

கோவை_தணிக்கை

வங்கி இருப்பு உறுதிக் கடிதம் பற்றி, அதாவது கம்பெனிக்கு எவ்வளவு பணம் இருக்கிறது என்று வங்கி தணிக்கையாளருக்கு எழுதித்தரும் கடிதம். ஆறு கிளைகளின் கடிதங்கள் ஒரே பழுப்பு கவரில், கம்பெனியின் கணக்காளர் கையாலேயே மேசைக்கு வந்தன. "உங்களுக்கு எதுக்கு சார் அலைச்சல், எம்.டி.யே ஆள் அனுப்பி வாங்கிட்டு வரச் சொன்னார்." ஆறிலும் பஞ்ச் ஓட்டை அதே இடத்தில். வேறு வேறு வங்கிகள், ஆனால் நான்கு கடிதங்களில் 'டெபாசிட்' என்ற ஆங்கிலச் சொல்லில் அதே ஓர் எழுத்து விட்டுப்போயிருந்தது.

அந்த எழுத்துப் பிழைதான் இன்னும் கண்ணிலேயே நிற்கிறது. ஆறு கிளைகளுக்கும் தனியாக எழுதிக் கேட்டதில் இரண்டில் வைப்புத்தொகையே கிடையாது. ஒன்றில் பணம் இருந்தது, ஆனால் இயக்குநரின் இன்னொரு நிறுவனம் வாங்கிய கடனுக்காக அதன் மேல் லியன் (பணத்தை எடுக்க முடியாதபடி வங்கி பிடித்து வைக்கும் உரிமை) போட்டிருந்தார்கள். கம்பெனி கொண்டுவந்த கடிதத்தில் லியன் பற்றி ஒரு வரிகூட இல்லை.

சத்யம் கம்ப்யூட்டர்ஸ் கதை எல்லோருக்கும் தெரியும் என்பதால் நீட்டவில்லை. 2009 ஜனவரி 7 கடிதத்தில் அதன் தலைவர் ராமலிங்க ராஜு ஒப்புக்கொண்டபடி, கணக்கில் காட்டிய ரொக்கமும் வங்கி இருப்பும் 5,361 கோடி. அதில் இல்லாதது 5,040 கோடி. அவ்வளவு பெரிய ஓட்டை வருடக்கணக்கில் எப்படித் தெரியாமல் போனது? உறுதிக் கடிதத்தை அனுப்புவதையும் வாங்குவதையும் தணிக்கைக் குழு கம்பெனியிடமே விட்டுவிட்டது என்று 2011இல் அமெரிக்கப் பங்குச்சந்தை ஆணையம் தன் உத்தரவில் எழுதியது. தணிக்கைத் தரம் 505 சொல்வதே அதைத்தான்: யாரிடம் கேட்பது என்பதைத் தணிக்கையாளர் தீர்மானிக்க வேண்டும், அவரே அனுப்ப வேண்டும், பதில் அவர் அலுவலகத்துக்கே வர வேண்டும். கிளையின் முகவரியைக் கம்பெனி கொடுத்த பட்டியலிலிருந்து எடுக்காமல் வங்கியின் இணையதளத்திலிருந்து எடுக்க வேண்டும். மின்னஞ்சலில் பதில் வந்தால் அது வங்கியின் சொந்த டொமைனிலிருந்து வந்ததா என்று பார்க்க வேண்டும்.

இன்னொரு குறுக்கு வழியும் உண்டு. வைப்புத்தொகை இருந்தால் வட்டி வரும், வட்டியிலேயே வரி (டிடிஎஸ்) பிடிப்பார்கள், அது வருமான வரித் துறையின் வரி வரவுப் பட்டியலான 26ஏஎஸ்ஸில் ஏறும். கணக்கில் வட்டி வரவு இருக்கிறது, 26ஏஎஸ்ஸில் இல்லை என்றால் மற்ற வேலையெல்லாம் அப்புறம்.

நூல்_ஸ்டாக்

பஞ்சு குடோன். வங்கிக்குக் கொடுத்த மாதாந்திர ஸ்டாக் ஸ்டேட்மென்டில் 600 பேல் (பொதி). பேல் ஒன்று 170 கிலோ, ஆக 102 டன். வாசலில் நின்று பார்த்தால் சுவர் மாதிரி அடுக்கு, கூரையைத் தொடுகிறது. முன் வரிசையை எண்ணி, பக்கவாட்டு வரிசையால் பெருக்கினால் கணக்கு கச்சிதமாக வருகிறது. ஏணி கேட்டபோது குடோன் கீப்பர் முகம் மாறிவிட்டது. மேலே ஏறினால் நடுவில் சதுரக் கிணறு! நாலு பக்கமும் ஒற்றை வரிசை, உள்ளே வெறும் சிமென்ட் தரை, ஒரு பழைய தார்ப்பாய். கீழே இறங்கியதும் அந்த மனிதர் சொன்னது: "மாசா மாசம் எவ்வளவு போடணும்னு மேலிருந்து சீட்டு வரும் சார்."

இதனால் யாருக்கு என்ன என்பவர்களுக்கு ஒரு கணக்கு. ஸ்டாக் 4 கோடி, கடன் கொள்முதல் 1.20 கோடி என்றால் பணம் கொடுத்த ஸ்டாக் 2.80 கோடி. வங்கி கழித்துக்கொள்ளும் 25 சதவீத மார்ஜின் போக 2.10 கோடி. 90 நாளுக்கு உட்பட்ட வரவேண்டிய பாக்கி 2 கோடி, 40 சதவீத மார்ஜின் போக 1.20 கோடி. டிராயிங் பவர், அதாவது வங்கியிலிருந்து எடுக்கக்கூடிய கடன், 3.30 கோடி. நிஜ ஸ்டாக் 2.60 கோடிதான் என்றால் அது 2.25 கோடியாகிவிடும். ஆக, அந்தக் கிணறு 1.05 கோடி ரூபாய். வங்கிப் பணம், ஈடு எதுவும் இல்லாமல் வெளியே போயிருக்கிறது.

எண்ணுவதோடு நிறுத்தாதீர்கள். தினமும் எத்தனை பேல் மிக்சிங்குக்குப் போகிறது, நூல் எத்தனை கிலோ வருகிறது, கழிவு எவ்வளவு என்று பின்னோக்கிக் கணக்குப் போடுங்கள். காட்டிய ஸ்டாக் பொய்யென்றால் ஓடிய ஸ்பின்டிலோடு (நூற்புக் கதிர்) பொருந்தாது. மொத்த ஒர்க்கிங் கேபிடல் லிமிட் (நடைமுறை மூலதனக் கடன் வரம்பு) 5 கோடிக்கு மேல் என்றால், வங்கிக்குக் கொடுத்த காலாண்டு ஸ்டேட்மென்ட் புத்தகத்தோடு ஒத்துப்போகிறதா என்று தணிக்கையாளர் தன் அறிக்கையிலேயே சொல்ல வேண்டும். தணிக்கை அறிக்கைக்கான அரசு ஆணையான கேரோ 2020 வந்த பிறகு இது கட்டாயம்.

கம்பெனி_செக்ரட்டரி

கோவை சார், கடிதத்தைத் துரத்திப் பிடித்தது நல்ல வேலை. ஆனால் சத்யத்தைத் தணிக்கையோடு முடித்துவிடுகிறீர்கள், அதை ஏற்க முடியவில்லை. அங்கே போர்டு என்று ஒன்று இருந்தது. 2008 டிசம்பர் 16 அன்று மேட்டாஸ் பிராபர்ட்டீஸ் முழுவதையும், மேட்டாஸ் இன்ஃப்ராவில் 51 சதவீதத்தையும் 160 கோடி டாலருக்கு வாங்க அந்த போர்டு ஒப்புக்கொண்டது. இரண்டும் ராஜு குடும்பத்தின் கம்பெனிகள். சத்யம் என்ற ஆங்கில எழுத்துகளைத் திருப்பிப் போட்டால் மேட்டாஸ். கேள்வி கேட்டார்கள், கடைசியில் எல்லோரும் கை தூக்கினார்கள். தடுத்தது சந்தைதான்: நியூயார்க்கில் பங்கு பாதிக்கு மேல் விழுந்தது, சில மணி நேரத்தில் வாபஸ். நான்கு இயக்குநர்கள் அந்த மாதமே விலகினார்கள். இல்லாத சொத்துக்குப் பதிலாக நிஜச் சொத்தை வைக்கக் கடைசியாகச் செய்த முயற்சி இது என்று ராஜுவின் கடிதமே சொல்கிறது. அதே 2008இல் நல்ல நிர்வாகத்துக்கான விருதையும் அந்தக் கம்பெனி வாங்கியிருந்தது.

நான் பார்த்தது இதன் சின்ன வடிவம். போர்டு கூட்டத்தில் 14ஆவது பொருள், "தலைவர் அனுமதியுடன் பிற." டீ வந்து, பிஸ்கட் தட்டோடு ஒரு மடித்த தாள் மேசையில் சுற்றியது. 11 ஏக்கர் நிலம், விற்பவர் ஒரு பார்ட்னர்ஷிப். பார்ட்னர் பெயர் தாளில் இல்லை. ஒரு தனி இயக்குநர் (முதலாளி தரப்போடு தொடர்பில்லாத வெளி இயக்குநர்) கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டே, "பார்ட்னர் யார்?" என்று கேட்டார். சேர்மன் பதில் சொல்லவில்லை, சிரித்தார். பார்ட்னர் அவர் மனைவி.

இந்த இடத்தில் உட்காரப்போகிறவர்களுக்கு, கேட்காவிட்டாலும் சொல்லிவிடுகிறேன். கூட்ட அறிவிப்பு 7 நாள் முன்னால் வர வேண்டும். மேசையில் வைக்கும் தாளுக்கு ஒப்புதல் தராதீர்கள், அடுத்த கூட்டத்துக்குத் தள்ளச் சொல்லுங்கள். மதிப்பீட்டாளர் யார் என்பதைவிட, அவரைத் தேர்ந்தெடுத்தது யார் என்று கேளுங்கள். அதே சர்வே எண்ணுக்குப் பக்கத்தில் கடைசியாகப் பதிவான கிரயப் பத்திரங்களின் விலையைக் கேளுங்கள்; வழிகாட்டி மதிப்பை மட்டும் காட்டினால் போதாது. வில்லங்கச் சான்றில் அந்தப் பார்ட்னர்ஷிப் நிலத்தை எப்போது வாங்கியது என்று பாருங்கள். கம்பெனியின் விரிவாக்கத் திட்டம் பேசப்பட்ட பிறகு வாங்கியிருந்தால் அது மூன்றாவது மனிதர் விற்பனையே அல்ல. லிஸ்டட் கம்பெனியில் இத்தகைய பரிவர்த்தனையை ஆடிட் கமிட்டியில் தனி இயக்குநர்கள் மட்டுமே அங்கீகரிக்க முடியும். மினிட்ஸ் (கூட்ட நடவடிக்கைக் குறிப்பு) வரைவு 15 நாளுக்குள் கைக்கு வர வேண்டும், கருத்துச் சொல்ல 7 நாள் உண்டு. உங்கள் மறுப்பு அதில் உங்கள் வார்த்தையிலேயே இருக்கிறதா என்று வாசியுங்கள். "விவாதத்துக்குப் பின் ஏற்கப்பட்டது" என்றிருந்தால் நீங்கள் வாய் திறக்கவே இல்லை என்று அர்த்தம். கம்பெனிச் சட்டம் 149(12) தனி இயக்குநருக்குப் பாதுகாப்பு தருகிறது, ஆனால் கவனத்தோடு நடந்துகொண்டவருக்கு மட்டும்.

சம்பளப்பட்டியல்

போர்டெல்லாம் பெரிய இடம். சம்பளச் சீட்டிலேயே தெரிந்துவிடும்.

140 பேர் வேலை செய்யும் யூனிட். 15,000 ரூபாய்க்கு 12 சதவீதம், ஆளுக்கு 1,800 பிஎஃப் பிடித்தம். மாதம் 2,52,000. பிடித்தார்கள், கட்டவில்லை. 11 மாதம். சீட்டில் 'பிஎஃப் 1,800' என்று ஒழுங்காக அச்சாகிக்கொண்டே இருந்தது. வைண்டிங்கில் வேலை பார்க்கும் அக்கா ஒருவர், மகள் கல்யாணத்துக்கு அட்வான்ஸ் போடலாம் என்று பாஸ்புக்கைத் திறந்தவர், செல்போனை நீட்டிக் கேட்டார்: "தம்பி, இதுல போன வைகாசியோட நிக்குது, ரீசார்ஜ் பண்ணணுமா?"

ரீசார்ஜ் பண்ணணுமா. அவர் தன் போனில்தான் ஏதோ கோளாறு என்று நினைத்துக்கொண்டார்.

அதே 11 மாத வங்கிக் கணக்கில் இயக்குநர் ஊதியம் ஒவ்வொரு மாதமும் 5ஆம் தேதிக்குள் போயிருந்தது. பணம் இல்லை என்பது காரணமே அல்ல, வரிசையில் யார் முதலில் என்பதுதான் காரணம். தொழிலாளி பங்கு என்பது அவர் சம்பளம், முதலாளியிடம் நம்பிக் கொடுத்தது. பிடித்துவிட்டுக் கட்டாவிட்டால் அது நம்பிக்கை மோசடிக் குற்றம். அடுத்த மாதம் 15ஆம் தேதி கெடு. ஒரு நாள் தாண்டினாலும் அந்தத் தொழிலாளி பங்கை வருமான வரியில் செலவாகக் கழிக்க முடியாது என்று 2022 அக்டோபரில் உச்ச நீதிமன்றம் தீர்ப்புச் சொன்னது. சலான் கட்டியதாகச் சொன்னால் சலான் காகிதத்தை மட்டும் பார்க்காதீர்கள். இசிஆர் (யார் யாருக்கு பிஎஃப் கட்டினார்கள் என்ற மாதக் கணக்கு) பட்டியலில் தலை எண்ணிக்கையும் மஸ்டரில் (வருகைப் பதிவேடு) தலை எண்ணிக்கையும் ஒன்றா என்று பாருங்கள். 140 பேருக்குப் பிடித்து 90 பேருக்குக் கட்டினாலும் சலான் சலான்தான்.

கோவை_தணிக்கை

செக்ரட்டரி சார், போர்டை விட்டுவிடச் சொல்லவில்லை. ஆனால் போர்டுக்கு வந்த எண் பொய்யென்றால் அவர்கள் எதை வைத்துக் கேட்பார்கள்? 2008 செப்டம்பர் காலாண்டில் சத்யம் காட்டிய லாப மார்ஜின் 24 சதவீதம், நிஜம் 3 சதவீதம். பில் போடும் அமைப்பிலேயே 7,561 போலி இன்வாய்ஸ்கள், மற்றவர்கள் கண்ணுக்குத் தெரியாதபடி மறைத்து வைக்கப்பட்டிருந்தன. போர்டுக்கு முன்னால் யாரோ ஒரு கணினியில் உட்கார்ந்து அதைச் செய்திருக்கிறார்கள், மேலிருந்து வந்த சொல்லுக்காக.

கேட்_ரிஜிஸ்டர்

சிறு சப்ளையர் பாக்கி பற்றி யாரும் எழுதவில்லை. வாட்ச்மேன் நோட்டில் லாரி உள்ளே வந்தது ஜூன் 4, காலை 7.40. ஜிஆர்என் (சரக்கைப் பெற்றுக்கொண்டதற்கான சீட்டு) போட்டது ஜூன் 27. சரக்கு 23 நாள் ரிசீவிங் பேயில் கிடக்கிறது. அதில் பாதியை எடுத்து லைனில் ஓட்டியும் விட்டார்கள்! ஸ்டோர்ஸ் சுவரில் மேலாளர் கையெழுத்தில் ஒட்டியிருந்த துண்டுச் சீட்டு: "ஜாப் ஒர்க் பார்ட்டி ஜிஆர்என் 25க்குப் பிறகு."

சிறு சப்ளையருக்குப் பணம் தரச் சட்டம் விடும் 45 நாளை ஜிஆர்என்னிலிருந்து எண்ணினால் ஆகஸ்ட் 11 வரை இழுக்கலாம். சட்டப்படி அப்படி எண்ண முடியாது. சரக்கு வந்து 15 நாளுக்குள் எழுத்தில் ஆட்சேபம் சொல்லவில்லையென்றால் வந்த நாளே ஏற்ற நாள். ஜூலை 19க்குள் பணம் போயிருக்க வேண்டும். ஒப்பந்தமே இல்லையென்றால் 15 நாள்தான். தாமதத்துக்கு வட்டி, ரிசர்வ் வங்கியின் பேங்க் ரேட்டைப் போல மூன்று மடங்கு, மாதக் கூட்டு வட்டி. சப்ளையர் அண்ணன்களுக்கு: டெலிவரி சலானில் கேட் சீலும் நேரமும் வாங்காமல் லாரியைத் திருப்பாதீர்கள். உத்யம் எண்ணை (சிறு நிறுவனப் பதிவு எண்) ஒவ்வொரு பில்லிலும் அச்சிடுங்கள். "பில் தேதியை மாத்திக் குடுங்க" என்று வாங்குபவர் கேட்டால், ஏற்கெனவே ஜிஎஸ்டிஆர் 1இல் (ஜிஎஸ்டி விற்பனைக் கணக்கு) ஏற்றிவிட்டேன் என்று சொல்லுங்கள், அதை அன்றே நிஜமாக்குங்கள்.

டெஸ்பாட்ச்_மார்ச்31

கேட் நண்பர் உள்ளே வரும் லாரியைச் சொன்னார், வெளியே போகும் லாரியையும் பாருங்கள். மார்ச் 31 இரவு 10 மணிக்கு மேல் 9 இன்வாய்ஸ், 9 ஈவே பில் (சரக்கு கொண்டுபோவதற்கான ஜிஎஸ்டி சீட்டு). ஏப்ரல் 1 மதியம், 24 மணி நேரம் முடிவதற்குள் ஏழு ஈவே பில் ரத்து. சரக்கு ஷெட்டை விட்டு நகரவே இல்லை. கார்ட்டன் மேல் ஒட்டிய முகவரி ஸ்டிக்கர்கள் மட்டும் புதுசு. ஏப்ரல் இரண்டாம் வாரம் 'தரக் குறைபாடு' என்று கிரெடிட் நோட் போட்டு விற்பனையைத் திருப்பிவிட்டார்கள்; முடிந்த ஆண்டின் கணக்கில் மட்டும் விற்பனை நிற்கும்.

பார்க்க வேண்டியது: மார்ச் கடைசி ஐந்து நாள் இன்வாய்ஸ், ஏப்ரல் கிரெடிட் நோட், ரத்தான ஈவே பில், லாரி வாடகை பில். நாலையும் பக்கத்தில் பக்கத்தில் வையுங்கள். வாடகையே கொடுக்காத லாரியில் சரக்கு போகாது. 2023 ஏப்ரல் முதல் கம்பெனிகளின் கணக்கு மென்பொருளில் எடிட் லாக் (யார், எப்போது, எதை மாற்றினார் என்ற பதிவு) அணைக்க முடியாதபடி இருக்க வேண்டும் என்பது விதி, ஆகவே இன்வாய்ஸ் எந்த நேரத்தில், எந்த லாகினில் உருவானது என்றும் கேளுங்கள். அந்த ஒன்பதும் விற்பனை மேலாளர் லாகினில். அவர் அன்றைக்கு விடுப்பு.

சம்பளப்பட்டியல்

அவர் பாஸ்வேர்டு யார் யாரிடம் இருந்தது?

டெஸ்பாட்ச்_மார்ச்31

எம்.டி. அறைக்கு வெளியே உட்காரும் உதவியாளரிடம். மானிட்டர் ஓரத்தில் மஞ்சள் சீட்டில் எழுதி ஒட்டியிருந்தது.