உதவி: காலத்தைப் பின்னுக்குத் தள்ளும் கைதியை எப்படி அடைச்சு வைக்கிறது?

நத்தைக்கூடு:
வணக்கம் மக்களே. அறிவியல் புனைகதைத் தொடர் ஒண்ணு எழுதிட்டிருக்கேன், மூணாவது அத்தியாயத்துல மாட்டிக்கிட்டு நிக்குது. கதையில ஒரு ஜீவன். எதைத் தொட்டாலும் அந்தப் பொருள் தன்னோட பழைய நிலைமைக்குப் போயிடும். உடைஞ்ச பானையைத் தொட்டா முழுப் பானை. பூட்டைத் தொட்டா, பூட்டுறதுக்கு முந்தின பூட்டு. கதவுல கையை எடுக்காம வெச்சிருந்தா இரும்புத் தாது.

இதை அடைக்க ‘மந்த அறை’ன்னு ஒண்ணு யோசிச்சேன். உள்ளே ஒரு நாள் போனா வெளியே நூறு வருஷம். ஆனா இடிக்குது. அது சாப்பிட ஒரு மணி நேரம் எடுத்துக்கிட்டா வெளியே நாலு வருஷம் ஓடிடும், தட்டை எடுக்க வர்றதுக்குள்ள வார்டன் மாற்றலாகிப் போயிருப்பார். சுவரையே தாதுவாக்கிட்டா என்ன பண்றது? கைதாகுறதுக்கு முந்தின நாளுக்கே ஓடிட்டா? “அது மாய சக்தி, கேக்காதே”ன்னு சொல்லி நழுவ எனக்கு இஷ்டமில்ல.

ராக்கோழி:
தட்டு கிடக்கட்டும். அது கை வெச்சா சோறே நெல்லாயிடுமே, எதைச் சாப்பிடும்?

அதைவிடப் பெரிய கோளாறு வேற இருக்கு. நூறு வருஷம் தண்டனைன்னு தீர்ப்பு வந்தா உங்க கைதி ஒரே நாள் உட்கார்ந்துட்டு எழுந்து வெளியே வந்துடும். புடிச்சவன், சாட்சி சொன்னவன், ஜட்ஜ் ஒருத்தரும் உயிரோட இருக்க மாட்டாங்க. எதிர்காலத்துக்கு ஓசி டிக்கெட் கொடுத்து அனுப்புறதுக்குப் பேரு தண்டனையா?

தலைகீழா, உள்ளே நூறு வருஷம் வெளியே ஒரு நாள்னு வைக்கலாமேன்னு தோணும். ஈர்ப்பை வெச்சு அது நடக்காது. பெரிய நிறை பக்கத்துல போனா கடிகாரத்தை எவ்வளவு வேணும்னாலும் மந்தமாக்கலாம், வேகமாக்கத்தான் பெரிசா வழியில்ல. ஜிபிஎஸ் செயற்கைக்கோள் சுமார் 20,200 கிலோமீட்டர் உயரத்துல சுத்துது. அங்கே ஈர்ப்பு குறைவுங்கிறதால அதோட கடிகாரம் ஒரு நாளைக்கு 45 மைக்ரோநொடி (நொடியில பத்து லட்சத்துல ஒரு பங்கு) முந்தும், ஓடுற வேகத்தால 7 பிந்தும், மிச்சம் 38 முந்தும். அதைத் திருத்தலைன்னா நம்ம போன் காட்டுற இடமெல்லாம் தப்பாயிடும். சரி, பூமியை விட்டு எங்கேயோ தொலைதூரம் போயிட்டா? பூமியோட ஈர்ப்புல இருந்து தப்பிக்கிறதுல கிடைக்கிற லாபம் வருஷத்துக்கு ஒரு நொடியில நூத்துல ரெண்டு பங்குதான்.

அதனால உங்க சிறை தண்டிக்கவா, இல்ல வெளியே இருக்கிறவங்களைக் காப்பாத்தவான்னு முதல்ல முடிவு பண்ணுங்க. காப்பாத்தன்னா மந்த அறை ஓகே.

லேப் அசிஸ்டென்ட்:
மந்த அறை வேணும்னா ஒரு டிசைன் இருக்கு. வியாழன் கோளோட நிறையை அமுக்கி 6 மீட்டர் விட்டமுள்ள வெற்றுக் கோளமா ஆக்கணும். அமெரிக்க இயற்பியலாளர் ரிச்சர்ட் காட் சொன்ன யோசனை இது. உள்ளே கைதிக்கு எடையே தெரியாது, மிதந்துக்கிட்டு இருக்கும். ஆனா அதோட கடிகாரம் நம்மளோடதைவிட நாலு மடங்கு மெதுவா ஓடும். நீங்க கேக்குற ஒரு நாளுக்கு நூறு வருஷம், அதாவது 36,525 மடங்கெல்லாம் இதுல வராது. கருந்துளை விளிம்புல தொங்கவிட்டா வரும். ஆனா அங்கே விழாம நிறுத்தி வெக்கிற விசையில கைதி, சிறை ரெண்டும் கூழாயிடும்.

கல்லுக்குள் தேரை:
நான் ஜியாலஜி. மந்த அறையைத் தூக்கிப் போடுங்க, சுவரைப் பாருங்க.

இரும்பு, கான்கிரீட் எல்லாம் நேத்துச் செஞ்ச சரக்கு. கனடாவோட வடமேற்குல அகாஸ்டா நைஸ்னு ஒரு பாறை இருக்கு, வயசு சுமார் 400 கோடி வருஷம். அதுல பிளாக் வெட்டி அடுக்கிச் சுவர் கட்டாதீங்க. இடையில பூசுற காரை மணலும் சுண்ணாம்புமாப் பிரிஞ்சிடும். முழுப் பாறையைக் குடைஞ்சு அறை பண்ணுங்க. கைதியை உள்ளே விட்டுட்டு, மூச்சுக்கு ஒரு துளை மட்டும் விட்டு வாயை அடைச்சிடுங்க.

இப்போ அது சுவரைத் தொட்டா என்ன ஆகும்? உடைஞ்ச பானை முழுசாகும்னா, குடைஞ்ச பாறையும் முழுசாகணும். தள்ளத் தள்ள அறை சுருங்கும். இன்னும் தள்ளினா பாறைக்குள்ளேயே புதைஞ்சிடும். 400 கோடி வருஷத்துக்கும் அப்பால தள்ளினா உருகின குழம்புக்குள்ள நிக்கும். பூட்டே வேணாம், அதோட சக்திதான் பூட்டு.

நத்தைக்கூடு:
அய்யோ, இது அட்டகாசம்! மந்த அறை கேன்சல். சோறும் கேன்சல், அதுக்குப் பசியே எடுக்காதுன்னு எழுதிடுறேன். ஆனா வாயை அடைச்ச கல் தனிக் கல்லாச்சே? அதை மட்டும் தொட்டா?

கல்லுக்குள் தேரை:
அதே பாறையில வெட்டி எடுத்த துண்டாலேயே அடைங்க. தொட்டா ஒட்டிக்கும்.

காவிரிக்கரை:
வெளியே என்ன நடக்கும்னு யாருமே கேக்கலையே. எங்க ஊர்ப் பக்கம் திருக்கடையூர்த் தல புராணத்துல, மார்க்கண்டேயனுக்காக சிவன் எமனைக் காலால உதைச்சு வீழ்த்திடுவார். அதோட பூமியில சாவே இல்லாமப் போச்சு. பாரம் தாங்காம பூமாதேவி போய் முறையிட்டதும் எமனை எழுப்பித் திரும்ப வேலையில உட்கார வெச்சாங்க. உங்க ஜீவனை அடைச்சதும் உலகத்துல எது நின்னு போகுது? அது ஒண்ணுமே செய்யாத ஜந்துன்னா அடைக்கிறதுல கதையே இல்லை.

நத்தைக்கூடு:
அதை யோசிக்கலை அண்ணே. பழுதானது தானா சரியாகுறதெல்லாம் அதோட வேலைதான்னு வெச்சுக்கலாம். உள்ளே போட்டதும் வெளியே புண் ஆறுறது நிக்கும். நாலாவது அத்தியாயம் கிடைச்சிடுச்சு. கைதாகுறதுக்கு முன்னாடி ஓடுற விஷயம் மட்டும்தான் பாக்கி.

லேப் அசிஸ்டென்ட்:
அதுக்கு 1988ல அமெரிக்க இயற்பியலாளர் கிப் தார்னும் கூட ரெண்டு பேரும் எழுதின கட்டுரை இருக்கு. புழுத்துளையை, அதாவது வெளியில தூரத்துல இருக்கிற ரெண்டு இடத்தை இணைக்கிற குறுக்குவழியை, கால இயந்திரமா மாத்துறதைப் பத்தினது. அதுல போனா இயந்திரம் உருவான நாளுக்கு முன்னாடி போகவே முடியாது. உங்க ஜீவனுக்கும் அதே மாதிரி ஒரு எல்லை போடுங்க. தொட்ட பொருள் பின்னால போகும், தொட்ட கை போகாது. இதை முதல் அத்தியாயத்துலேயே ஒரு வரி சொல்லிட்டா அப்புறம் யாரும் கேள்வி கேக்க மாட்டாங்க.

நத்தைக்கூடு:
முதல் அத்தியாயம் ஏற்கெனவே வெளியாயிடுச்சு. ரெண்டாவதுல, அது தன் கைத் தழும்பைத் தொட்டுப் பார்க்க, தழும்பு மறையாம அப்படியே இருக்கிற மாதிரி ஒரு காட்சி வெச்சு நுழைச்சிடுறேன். எல்லாருக்கும் நன்றி. இழையை மூடிக்கலாம்.