சூரியமதி: கொடையாளியா, குடும்பத்தைக் கெடுத்தவளா?

வேம்பு: 11ஆம் நூற்றாண்டில் காஷ்மீரை ஆண்ட அனந்தனின் பட்டத்து ராணி சூரியமதி. விதஸ்தை, அதாவது ஜீலம் ஆற்றங்கரையில் கௌரீஸ்வரர் கோவில் கட்டினாள், மடங்கள் வைத்தாள், விஜயேஸ்வரம் என்ற புனிதத் தலத்தில் 108 அக்கிரகாரம் கொடுத்தாள் என்று காஷ்மீர் அரசர்களின் வரலாறான ராஜதரங்கிணியில் கல்ஹணர் அடுக்குகிறார். எனக்கென்னவோ, ஊரான் வீட்டு நெய்யே என் பெண்டாட்டி கையே என்றுதான் தோன்றுகிறது.

கூடல்: அதே நூலில் இருக்கும் வெற்றிலைக் கதையைத் தாண்டிப் போய்விட்டீர்களே வேம்பு! அனந்தன் வெற்றிலைப் பித்தர். பத்மராஜன் என்ற வெளிநாட்டு வெற்றிலை வியாபாரியிடம் கடன் ஏறி, மகுடமும் சிம்மாசனமும் அடகுக்குப் போயின. மாதாந்தர பூஜை நாளில் அவற்றை அவன் வீட்டிலிருந்து தூக்கி வருவார்களாம்! தன் சொந்தச் சேமிப்பைக் கொட்டி அந்தக் கேட்டை நிறுத்தியவர் சூரியமதி. அது யார் வீட்டு நெய்?

வேம்பு: சரி, அடகை மீட்டாள். அப்புறம் என்ன செய்தாள்? அமைச்சர்கள் தடுத்தும் கேட்காமல், 1063இல் மகன் கலசனுக்கு முடிசூட்ட வைத்தாள். அவன் பெற்றவர்களோடு மல்லுக்கு நின்றான். அவனைத் தண்டிக்கக் கிளம்பிய அனந்தனைத் தடுத்தவளும் இவள்தான். கடைசியில் அவன், அப்பா அம்மா ஒதுங்கியிருந்த விஜயேஸ்வரத்துக்கே தீ வைத்தான்.

நடுவில் ஒருவன்: நீங்கள் சண்டை போடுங்கள். நமக்கு முருங்கை மரத்து வேதாளத்தைத் தெரியும் அல்லவா? அந்தக் கதைகளையும் சேர்த்துச் சோமதேவர் கதாசரித்சாகரம் என்ற கதைத் தொகுப்பைப் பாடியது இந்த ராணியின் மனம் குளிரத்தான். என்னைக் கேட்டால், 108 அக்கிரகாரத்தைவிட அது பெரிது.

கூடல்: தீயோடு நிறுத்திவிட்டீர்களே வேம்பு. சாம்பல் மேட்டில் ஒரு ரத்தின லிங்கம் அகப்பட்டது. ராணி அதை டக்கர்கள் என்ற மக்களிடம் 70 லட்சம் தீனார் காசுக்கு விற்று, முதலில் தன் ஆட்களுக்குச் சோறும் துணியும் வாங்கினார். அத்தனை சிவபக்தி உள்ளவர் லிங்கத்தை விற்றிருக்கிறார். கொஞ்சம் யோசியுங்கள்.

வேம்பு: லிங்கம் விஷயத்தில் உங்களுக்கே வெற்றி. முடிசூட்டு விஷயத்தில் இல்லை. பிள்ளைப் பாசம் கண்ணை மறைத்தது. 1081இல் அனந்தன் தற்கொலை செய்துகொண்டதற்கு முன்னால் நடந்த புருஷன் பெண்டாட்டி சண்டையைப் படியுங்கள். பெண்டாட்டி பேச்சைக் கேட்டுக் கெட்டேன் என்றுதானே அவர் பொருமுகிறார்?

கூடல்: எழுதியவர் யார்? சுமார் 70 வருஷம் கழித்து வந்த கல்ஹணர். பெண்டாட்டிக்கு அடங்கியவன் என்று ராஜாவையே இளக்காரம் செய்தவர். பழி சொல்லும் இடத்தில் அவரைக் கொஞ்சம் தள்ளுபடி செய்துதான் படிக்க வேண்டும். அவரே, கணவரின் சிதையில் ஏறி உயிர் விடும் முன் ராணி படைவீரர்களின் சம்பளப் பாக்கியைத் தீர்த்துவிட்டுப் போனார் என்று எழுதியிருக்கிறார்.

வேம்பு: யார் பணத்தில் தீர்த்தாள் என்று பார்த்துவிட்டு வருகிறேன்.