அப்பா செஞ்ச சிமெண்ட் சிலைங்க வெடிப்பு விடுது, எப்படி காப்பாத்தறது?

பாலக்கோட்டான்:
எல்லாருக்கும் வணக்கம்ங்க. எங்கப்பா கொல்லையில இருபது வருஷமா யானை, மயிலு, குதிரை மேல முனியப்பன்னு நாப்பது சிலை செஞ்சு வெச்சிருக்காரு, எல்லாம் காயலான் கடை கம்பி, ஒடஞ்ச டைல்ஸ், வளையல் துண்டுதான், மயிலு தோகை முழுக்க பச்சை வளையல், சாயங்கால வெயில்ல அப்படி மின்னும். போன தையில அப்பா தவறிட்டாரு. சொந்தக்காரங்க ஜேசிபி விட்டு எடுத்துட்டு எடத்தை வித்துருன்றாங்க, எனக்கு மனசே வரல. ஆனா யானை கால்ல வெடிப்பு விட்டு செவப்பா தண்ணி எறங்குது. என்ன பண்ணலாம்?

பர்கூர்காரன்:
தம்பி, ஜேசிபி மட்டும் வேணாம். சண்டிகர் ராக் கார்டன் கேள்விப்பட்டிருப்பீங்க, நேக் சந்த்னு ஒரு ரோடு இன்ஸ்பெக்டர் 1957ல இருந்து யாருக்கும் தெரியாம காட்டு எடத்துல ஒடஞ்ச பீங்கான், வளையல் வெச்சு செஞ்சது, கவர்மெண்ட் எடம்னு இடிக்கத்தான் பாத்தாங்க, ஜனங்க விடல, 1976ல தொறந்தே வெச்சுட்டாங்க, அவருக்கு 1984ல பத்மஸ்ரீ. அவர் செஞ்ச இன்னொரு தோட்டம் நம்ம பக்கத்துலயே பாலக்காடு மலம்புழாவுல இருக்கு, ஒரு தடவை போய் பாருங்க. அமெரிக்காவுல வாட்ஸ் டவர்ஸ்னு சிமெண்ட் பூசின கம்பி கோபுரங்க இருக்கு, அதுவும் இதே கதைதான், சைமன் ரோடியா ஒத்த ஆளா 33 வருஷம் கட்டினது, ஆபத்துன்னு அதையும் இடிக்கத்தான் பாத்தாங்க, பலமா நிக்குதான்னு 1959ல 10,000 பவுண்டு விசை குடுத்து இழுத்து பாத்தாங்க, விழல.

அரூர் கொத்தனார்:
செவப்பு தண்ணின்னா உள்ள கம்பி துரு புடிச்சிருக்கு. துரு ஏற ஏற கம்பி ஊதி சிமெண்டை தள்ளும், அதான் வெடிப்பு. மேல சும்மா பூசி மறைச்சீங்கன்னா அடுத்த மழைக்கு மறுபடி வெடிக்கும். கம்பி தெரியற வரைக்கும் மெதுவா கொத்துங்க, ஒயர் பிரஷ்ல துருவை சுத்தமா தேச்சு எடுத்துட்டு துரு தடுக்கற பிரைமர் அடிங்க, காஞ்சப்புறம் ஒரு பங்கு சிமெண்டுக்கு மூணு பங்கு மணல் கலவைல ஒட்டறதுக்கு லேட்டக்ஸ் சேத்து பூசி, ஒரு வாரம் ஈரச்சாக்கு சுத்தி தண்ணி ஊத்துங்க, நம்மூரு வெயிலுக்கு இது முக்கியம். வழுவழு டைல்ஸ் வெறும் சிமெண்ட்ல நிக்காது, டைல்ஸ் கம் போடுங்க. கொத்தறதுக்கு முன்னாடி நாலு பக்கமும் போட்டோ எடுத்துக்கங்க.

பர்கூர்காரன்:
அம்மாகிட்ட கேட்டு எந்த துண்டு எங்க இருந்து வந்துச்சுன்னு எழுதியும் வைங்க தம்பி.

பாலக்கோட்டான்:
ரொம்ப நன்றிண்ணா. நேத்து ராத்திரியே கேட்டேன். மயிலு தோகைல இருக்கற பச்சை வளையல்ல பாதி எங்கக்கா வளைகாப்புக்கு போட்டதாம். ஞாயித்துக்கெழமை யானை கால்ல ஆரம்பிக்கறேன்.